கணிப்பொறியின் பொதுக்கலங்கள்

சிற்றூர்கள் பலவற்றில் அண்டா, கொப்பரை, தவலை, பெருங்கரண்டி முதலிய சமையற்கலங்களை ஊர்ப்பொதுவில் வாங்கி வைத்திருக்கும் வழக்கம் உண்டு. திருமணம் முதலிய விழாக்கள் நிகழும் வீட்டார் அவற்றை எடுத்துச் சென்று பயன்படுத்துவர். விழா முடிந்ததும் துலக்கித் திருப்பித் தருவர். ஆண்டில் ஓரிரு நாள் மட்டுமே வேண்டப்படும் பெரிய அண்டாவை ஒவ்வொரு வீட்டாரும் தனித்தனியே வாங்குவது வீண்செலவு. அதனை வைப்பதற்கு வீட்டில் இடமும் இராது. கலங்களின் கழுத்தில் ஊர்ப்பெயரும் எண்ணும் வெட்டப்பட்டிருக்கும். அவ்வெண்ணைக் குறித்துக்கொண்டு கொடுப்பர். அவ்வெண்ணைப் பார்த்தே திரும்பப் பெறுவர். ஒரு வீட்டார் நூறு பேருக்குச் சோறு வடிக்கும் அண்டாவை எடுத்துச் சென்று, அதற்கு மாறாக ஐம்பது பேருக்கான அண்டாவைத் திருப்பி வைத்துவிட்டால், அடுத்த விழா வீட்டில் பந்தி நடுவே சோறு குறையும். குறைக்குக் காரணம் யாது என்பது அவ்வீட்டாருக்கு எளிதில் விளங்காது.

கணிப்பொறிக்குள்ளும் இத்தகைய பொதுக்கலங்கள் உள்ளன. அவற்றைப் பகிர்வு நூலகக் கோப்புகள் என்பர். கடிதம் எழுதவும், கணக்குப் போடவும், படம் வரையவும், பாட்டுக் கேட்கவும் உதவும் மென்பொருள்கள் அவற்றை நம்பியே இயங்குகின்றன. அவை ஒழுங்காக இருக்கும் வரையில் அவற்றின் பெயரைக்கூடப் பலரும் அறியார். அவற்றுள் ஒன்று காணாமற்போனாலோ மாறிவிட்டாலோ, நேற்று வரை இயங்கிய மென்பொருள் இன்று திறக்க மறுக்கும். ஆதலின், அவை யாவை, அவற்றை இனங்காண்பது எவ்வாறு, பழுது நேர்ந்தவிடத்துச் செய்யத்தக்கது யாது, தகாதது யாது என்பனவற்றைக் கணிப்பொறியைக் கையாளும் ஒவ்வொருவரும் அறிந்திருத்தல் நலம்.

ஒரு மென்பொருள் செய்யும் வேலைகளுள் பல, பிற மென்பொருள்களும் செய்யும் வேலைகளே. திரையில் ஒரு சாளரத்தைத் திறத்தல், எழுத்தை வரைந்து காட்டுதல், கோப்பைப் படித்தல், அச்சுப்பொறிக்குச் செய்தி அனுப்புதல் ஆகியவை அத்தகையன. இவற்றிற்குரிய கட்டளைத் தொகுதிகளை ஒவ்வொரு மென்பொருளாசிரியரும் புதிதாக எழுதுவதில்லை. ஒருமுறை செம்மையாக எழுதித் தனிக்கோப்பில் வைத்துவிட்டால், வேண்டிய மென்பொருள்கள் யாவும் இயங்கும் நேரத்தில் அதனை அழைத்துப் பயன்படுத்திக்கொள்ளும். இத்தகைய கோப்பு பெரும்பாலும் தனித்து இயங்குவதன்று. அண்டா தானாகச் சமைப்பதில்லை. அதுபோல, அழைக்கும் மென்பொருள் இன்றி இதற்கு வேலை இல்லை.

நூலகம் என்னும் பெயர் இதற்கு வந்த வரலாறு அறியத்தக்கது. இங்கிலாந்து நாட்டுக் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் எட்சாக் என்னும் கணிப்பொறி 1949ஆம் ஆண்டு மே மாதத்தில் இயங்கத் தொடங்கியது. அதனை அமைத்த குழுவிற்குத் தலைவராக விளங்கியவர் மாரிஸ் வில்க்ஸ் என்பவர். அடிக்கடி வேண்டப்படும் கணக்குகளுக்குரிய கட்டளைத் தொகுதிகளைக் காகித நாடாக்களில் துளையிட்டு, ஒரு பேழையில் வரிசையாக அடுக்கி வைத்தனர். அத்தொகுப்பையே நூலகம் என்றனர். புதிதாக ஒரு கணக்கைச் செய்ய விரும்புவோர் வேண்டிய நாடாவை எடுத்து, அதிலுள்ள துளைகளைத் தம் நாடாவில் படியெடுத்துக்கொள்வர். வில்க்ஸ், டேவிட் வீலர், ஸ்டான்லி கில் ஆகிய மூவரும் இம்முறையை விளக்கி 1951ஆம் ஆண்டில் நூல் ஒன்று வெளியிட்டனர்.

படியெடுக்கும் முறையால் உழைப்பு மிச்சமாயிற்று. ஆயினும் இரண்டு குறைகள் எஞ்சி நின்றன. ஒரே தொகுதியின் படிகள் பல இடங்களை அடைத்துக்கொண்டன. மூலத்தில் ஒரு பிழை காணப்பட்டால், படியெடுத்த ஒவ்வொன்றையும் தேடித் திருத்த வேண்டியிருந்தது. இக்குறைகளைக் களையும் பொருட்டு, படியெடாமல் இயங்கும் நேரத்தில் மூலத்தோடே இணைத்துக்கொள்ளும் முறை தோன்றியது. 1960-களில் அமெரிக்க நாட்டில் உருவான மல்டிக்ஸ் என்னும் இயக்க முறைமையில் அது சிறப்பாக அமைக்கப்பட்டது. மைக்ரோசாப்ட் நிறுவனம் 1985ஆம் ஆண்டு நவம்பர் மாதத்தில் வெளியிட்ட விண்டோஸ் முதற்பதிப்பும் அம்முறையைத் தழுவியது. அக்காலத்து மேசைக் கணிப்பொறியின் நினைவகம் மிகச் சிறிது. அப்பதிப்பு 256 கிலோபைட்டு நினைவகத்தில் இயங்க வேண்டியிருந்தது. எனவே, ஒன்றைப் பலவும் பகிர்ந்துகொள்வது இன்றியமையாததாயிற்று. கெர்னல், யூசர், ஜி.டி.ஐ. என்னும் மூன்று நூலகங்கள் அதற்கு அடிப்படையாயின. முதலாவது நினைவகத்தையும், மென்பொருள்களை ஏற்றுவதையும் கவனித்தது. இரண்டாவது சாளரங்களையும், விசைப்பலகை, சுட்டி ஆகியவற்றின் செய்திகளையும் கவனித்தது. மூன்றாவது வரையும் தொழிலைச் செய்தது. இவற்றின் வழிவந்த கோப்புகள், பெயரின் இறுதியில் 32 என்னும் எண் பெற்று, இன்றைய விண்டோசிலும் உள்ளன.

இயங்கும்போது இணைப்பதன் பெரும்பயன், ஓரிடத்தில் செய்யும் திருத்தம் எல்லார்க்கும் உதவுவதாகும். இதற்கு ஒரு சான்று உண்டு. இணையத்தின் வழிச் செல்லும் செய்தியைப் பிறர் அறியாவண்ணம் மறைத்து அனுப்பும் தொழிலுக்கு ஓப்பன் எஸ்.எஸ்.எல். என்னும் நூலகம் உலகெங்கும் பயன்படுகிறது. 2012ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில் வெளிவந்த அதன் பதிப்பில் ஒரு பிழை புகுந்துவிட்டது. அதன் வழியே அயலார் ஒருவர், ஒவ்வொரு முறையும் 64 கிலோபைட்டு அளவு வரை, பிறர் கணிப்பொறியின் நினைவகத்தைப் படிக்க இயன்றது. கடவுச்சொற்களும் அவ்வாறு வெளிப்படக்கூடும். 2014ஆம் ஆண்டு ஏப்ரல் 7ஆம் நாள் இப்பிழை வெளியுலகிற்கு அறிவிக்கப்பட்டது. திருத்திய பதிப்பும் அன்றே வெளிவந்தது. அந்நூலகத்தைப் பொதுவில் வைத்துப் பகிர்ந்த கணிப்பொறிகளில், அக்கோப்பை மாற்றி, அதனைப் பயன்படுத்திய மென்பொருள்களை மீண்டும் தொடங்கியதும் ஓட்டை அடைபட்டது. நூலகத்தைத் தம்முள் படியெடுத்து வைத்திருந்த மென்பொருள்களையோ தனித்தனியே தேடித் திருத்த வேண்டியதாயிற்று.

நன்மை பொதுவாவது போலவே தீமையும் பொதுவாகும். 1990-களில் விண்டோஸ் கணிப்பொறிகளில் ஒரு புது மென்பொருளை நிறுவும்போது, அது தனக்கு வேண்டிய நூலகக் கோப்பைப் பொதுக்கோப்புறையில் கொண்டுவந்து வைக்கும். அதே பெயரில் அங்கு முன்னரே இருந்த கோப்பு அழிந்து, வேறு பதிப்பு அவ்விடத்தில் அமரும். புதிதாக வந்த மென்பொருள் நன்றாக இயங்கும். பழைய கோப்பை நம்பியிருந்த வேறொரு மென்பொருள் நின்றுவிடும். அண்டா மாறிய கதையே இது. இத்தொல்லையை அக்காலத்துக் கணிப்பொறியாளர் 'டி.எல்.எல். நரகம்' என்றே பெயரிட்டு நொந்துகொண்டனர்.

இதனைத் தீர்க்கப் பல வழிகள் காணப்பட்டன. விண்டோஸ் 2000 என்னும் பதிப்பு, தன் அடிப்படைக் கோப்புகளைப் பிற மென்பொருள்கள் மாற்றினால், உடனே பழைய கோப்பை மீட்டு வைக்கும் காவலைப் பெற்றது. 2001ஆம் ஆண்டில் வந்த விண்டோஸ் எக்ஸ்.பி., ஒரே நூலகத்தின் பல பதிப்புகளை அருகருகே வைத்து, ஒவ்வொரு மென்பொருளுக்கும் அது கேட்ட பதிப்பையே வழங்கும் ஏற்பாட்டைக் கொண்டிருந்தது. லினக்சில் நூலகக் கோப்பின் பெயரிலேயே ஓர் எண் இறுதியில் நிற்கும். பழைய மென்பொருள்களுக்கு ஒவ்வாத மாற்றம் நூலகத்தில் செய்யப்படும்போது அவ்வெண்ணும் மாறும். ஆகவே, பழையதும் புதியதும் ஒன்றையொன்று அழியாமல் ஒரே கோப்புறையில் இருக்க இயலும். இக்காலத்தில் தமக்கு வேண்டிய கோப்புகளைத் தம் கோப்புறையிலேயே வைத்துக்கொள்ளும் மென்பொருள்களும் பல. ஒவ்வொரு வீட்டாரும் சொந்த அண்டா வாங்கிக்கொள்வது போன்றது இது. பூசல் குறையும்; ஆனால் இடம் மிகுதியாகச் செலவாகும்; ஓரிடத்துத் திருத்தம் எல்லார்க்கும் உதவும் பயனும் குன்றும்.

இனி, இக்கோப்புகளை இனங்காணும் முறையை நோக்குதல் வேண்டும். பெயரின் முடிவு முதல் அடையாளம். விண்டோசில் டி.எல்.எல். என்றும், லினக்சில் எஸ்.ஓ. என்றும், ஆப்பிள் நிறுவனத்தின் மேக் கணிப்பொறியில் டைலிப் என்றும் முடிவது வழக்கம். ஆயினும், பெயரை எவரும் மாற்றி எழுதலாம். கோப்பின் உள்ளே உள்ள தொடக்கக் குறி அதனினும் உறுதியானது. விண்டோசின் நூலகக் கோப்பு, எம், இசட் என்னும் இரண்டு ஆங்கில எழுத்துகளோடு தொடங்கும். அவை மைக்ரோசாப்ட் நிறுவனத்தில் பணியாற்றிய மார்க் ஸ்பிகோவ்ஸ்கி என்பவருடைய பெயரின் முதலெழுத்துகள் ஆகும். லினக்சு நூலகத்தின் தொடக்கத்தில் இ, எல், எஃப் என்னும் எழுத்துகள் காணப்படும். இக்குறிகள் கோப்பின் வகையை மட்டுமே காட்டும். அதன் நன்மை தீமைகளைக் காட்டா.

கோப்பின் பதிப்பெண், உருவாக்கிய நிறுவனம், மின்னொப்பம் ஆகியவை அடுத்து அறியத்தக்கவை. விண்டோசில் கோப்பின்மேல் சுட்டியை வைத்து வலப்பொத்தானை அழுத்திப் பண்புகள் என்னும் பகுதியைத் திறந்தால் இவை தோன்றும். கலத்தின் கழுத்தில் வெட்டிய ஊர்ப்பெயரையும் எண்ணையும் போன்றவை இவை. இவற்றுள் நிறுவனத்தின் பெயரை எவரும் பொய்யாக எழுதிவிடலாம். மின்னொப்பத்தைப் பொய்யாக இடுவது மிக அரிது. ஆதலின், ஒப்பம் உள்ளதா என்று நோக்குவது நன்று. எனினும், ஒப்பமில்லாத கோப்புகள் யாவும் தீயவை என்று துணிதலும் தவறு. நல்ல மென்பொருள்களுள்ளும் ஒப்பமிடாதவை உண்டு.

32 பிட்டு, 64 பிட்டு என்னும் வேற்றுமையும் கருதத்தக்கது. 32 பிட்டு மென்பொருளுக்கு 32 பிட்டு நூலகமே பொருந்தும். 64 பிட்டு மென்பொருளுக்கு 64 பிட்டு நூலகமே பொருந்தும். பெயர் ஒன்றாயினும் ஒன்றின் இடத்தில் மற்றொன்று பயன்படாது. இவ்விடத்தில் பலரை மயக்கும் ஒரு விந்தை உண்டு. 64 பிட்டு விண்டோசில் சிஸ்டம்32 என்னும் கோப்புறையில் இருப்பவை 64 பிட்டுக் கோப்புகளே. 32 பிட்டுக் கோப்புகள் சிஸ்வாவ்64 என்னும் கோப்புறையில் உள்ளன. பழைய மென்பொருள்கள் சிஸ்டம்32 என்னும் பெயரையே நம்பி எழுதப்பட்டிருந்தமையால் அப்பெயர் மாற்றப்படாமல் நின்றது. பெயரை மட்டும் நம்பிக் கோப்பை வைப்பவர் இங்கு ஏமாறுவர்.

பழுது நேரும் விதத்தை ஓர் எடுத்துக்காட்டால் அறியலாம். மாணவி ஒருத்தி பள்ளி ஆண்டுமலருக்கு அட்டைப்படம் வரைந்து வருகிறாள் எனக் கொள்க. மறுநாள் படத்தை ஒப்படைத்தல் வேண்டும். மாலையில் மென்பொருளைத் திறக்கிறாள், அது திறக்கவில்லை. 'எம்.எஸ்.வி.சி.பி.140 என்னும் டி.எல்.எல். கோப்பு இக்கணிப்பொறியில் இல்லாமையால் மென்பொருளைத் தொடங்க இயலவில்லை' என்னும் பொருள்படும் செய்தி ஒன்று தோன்றுகிறது. அவள் கலங்குகிறாள். கலக்கத்தில் செய்யும் செயல்களே பெரும்பாலும் பழுதினும் பெரிய பழுதாய் முடிகின்றன.

அக்கோப்பின் பெயரை இணையத்தில் தேடினால், அதனை மட்டும் இலவசமாகத் தருவதாகக் கூறும் இடங்கள் பல எதிர்ப்படும். அவற்றிலிருந்து எடுத்துப் பொதுக்கோப்புறையில் வைப்பது தகாத செயல்களுள் தலையாயது. அக்கோப்பு வேறு பதிப்பாக இருக்கலாம். பிட்டு வேறுபட்டதாக இருக்கலாம். நச்சுநிரலே அப்பெயரைப் பூண்டு வந்திருக்கவும் கூடும். நூலகக் கோப்பு, தன்னை அழைக்கும் மென்பொருளுக்குள்ள உரிமைகள் அனைத்தையும் தானும் பெறுகிறது. ஆகவே, தீய நூலகம் ஒன்றை உள்ளே விடுவது, அறியாதான் ஒருவனிடம் வீட்டுச் சாவியைக் கொடுப்பதற்கு ஒப்பாகும். வேறொருவர் கணிப்பொறியிலிருந்து படியெடுத்து வைப்பதும் பாதுகாப்பானதன்று. தேவையற்றது போலத் தோன்றும் டி.எல்.எல். கோப்புகளை அழித்து இடம் உண்டாக்க முயல்வதும் தவறு. எம்மென்பொருள் எக்கோப்பை நம்பியுள்ளது என்பதைப் பார்த்த அளவில் அறிய இயலாது.

செய்யத்தக்கவை வருமாறு: முதலில், செய்தியை முழுமையாகப் படித்துக் கோப்பின் பெயரை எழுத்துப் பிழையின்றிக் குறித்துக்கொள்ள வேண்டும். அப்பெயரிலேயே விடை இருத்தல் கூடும். மேற்காட்டிய பெயரின் முதல் நான்கு எழுத்துகள், மைக்ரோசாப்ட் நிறுவனத்தின் விசுவல் சி என்னும் நிரலாக்கக் கருவியைச் சுட்டும். 140 என்பது பதினான்காம் பதிப்பைச் சுட்டும். அது படம் வரையும் மென்பொருளுக்கே உரிய கோப்பன்று. அக்கருவியால் எழுதப்பட்ட எல்லா மென்பொருள்களுக்கும் பொதுவானது. ஆதலின், தனிக்கோப்பைத் தேடாமல், அந்நிறுவனமே இலவசமாக வழங்கும் முழுத் தொகுப்பை, மென்பொருளுக்கு ஏற்ற பிட்டு நோக்கி நிறுவுதல் வேண்டும். 2015, 2017, 2019, 2022 ஆகிய ஆண்டுகளின் பெயர் தாங்கிய கருவிகளுக்கு அவ்வொரு தொகுப்பே பொருந்தும்.

குறித்த பெயர் அம்மென்பொருளுக்கே உரியதாயின், மென்பொருளை அதன் உரிய இடத்திலிருந்து பெற்று மீண்டும் நிறுவுவதே நேர்வழி. விண்டோசுக்கே உரிய கோப்பாயின், கணிப்பொறியின் பொறுப்பாளர் உரிமையோடு எஸ்.எஃப்.சி. என்னும் கட்டளையை இட்டால், அடிப்படைக் கோப்புகளைச் சோதித்துப் பழுதுற்றவற்றை அது மாற்றி வைக்கும். இவற்றிற்கு முன்னர், அண்மையில் கணிப்பொறியில் யாது மாறியது என்று எண்ணிப் பார்ப்பதும் இன்றியமையாதது. புதிதாக ஒன்றை நிறுவியதோ, ஒன்றை நீக்கியதோ, காப்பு மென்பொருள் ஐயுற்று ஒரு கோப்பை அகற்றியதோ காரணமாக இருக்கலாம். ஒரு நேரத்தில் ஒரு மாற்றமே செய்து, பயனை நோக்கிய பின்னரே அடுத்ததைச் செய்தல் வேண்டும். பல மாற்றங்களை ஒருங்கே செய்தவர், எது பழுதை நீக்கிற்று, எது புதுப்பழுதை விளைத்தது என்று பிரித்தறிய மாட்டார்.

சில வேளைகளில் செய்தி கூறும் கோப்பு உரிய இடத்திலேயே இருக்கும். ஆயினும் மென்பொருள் அதனைக் காணவில்லை என்றே சொல்லும். நூலகக் கோப்பு ஒன்று வேறொரு நூலகத்தை நம்பியிருப்பதே இதற்குக் காரணம். அண்டா இருந்தும் அடுப்பு இல்லையாயின் சமையல் நடவாது அன்றோ? இத்தொடரை வெளிப்படுத்தும் கருவிகள் உள்ளன. லினக்சில் எல்.டி.டி. என்னும் கட்டளை, ஒரு மென்பொருள் நம்பியுள்ள நூலகங்களையும் அவை இருக்கும் இடங்களையும் வரிசையாகக் காட்டும். கிடைக்காதவற்றைக் கிடைக்கவில்லை என்றே குறிக்கும். ஆனால், நம்பத்தகாத மென்பொருளின்மேல் அக்கட்டளையை ஏவலாகாது. சோதிக்கும்போதே அம்மென்பொருள் இயங்கிவிடவும் கூடும்.

நூலகத்தைத் தேடும் வரிசையும் அறியத்தக்கது. விண்டோசில் ஒரு மென்பொருள் நூலகத்தை அழைக்கும்போது, பெரும்பாலும் தான் இருக்கும் கோப்புறையையே முதலில் தேடும். அங்கு இல்லாதவிடத்தே பொதுக்கோப்புறைகளுக்குச் செல்லும். எனவே, மென்பொருளின் கோப்புறையில் அதே பெயருடைய வேறொரு கோப்பு கிடந்தால், பொதுக்கோப்புறையில் நல்ல கோப்பு இருந்தும் பயனில்லை. வஞ்சகர் இவ்வழியையும் பயன்படுத்துவதுண்டு. பழுதை ஆராய்வோர், கோப்பு உள்ளதா என்பதோடு நில்லாமல், எவ்விடத்துக் கோப்பு ஏற்கப்படுகிறது என்பதையும் நோக்குதல் வேண்டும்.

பெயரும் எண்ணும் சரியாக இருந்தும், உரிய வழியிலேயே வந்தும், நூலகம் தீயதாதல் கூடுமோ எனின், கூடும் என்பதை 2024ஆம் ஆண்டு காட்டியது. கோப்புகளைச் சுருக்கி வைப்பதற்கு எக்ஸ்.இசட். என்னும் மென்பொருள் லினக்சில் பரவலாகப் பயன்படுகிறது. அதன் நூலகத்தைப் பேணுவோருள் ஒருவராக நம்பிக்கை பெற்றிருந்தவர், 5.6.0, 5.6.1 என்னும் இரண்டு பதிப்புகளில் ஒரு கள்ளவழியை மறைத்து வைத்தார். தொலைவிலிருந்து கணிப்பொறிக்குள் புகுவதைக் காக்கும் மென்பொருளும், சில லினக்சு வகைகளில், சுற்றுவழியாக அந்நூலகத்தை ஏற்றிக்கொண்டது. ஆண்ட்ரஸ் பிராய்ண்டு என்னும் பொறியாளர் வேறொரு சோதனையில் ஈடுபட்டிருந்தபோது, கணிப்பொறிக்குள் நுழைவதற்கு வழக்கத்தினும் ஏறக்குறைய அரை நொடி மிகுதியாவதைக் கண்டார். அரை நொடிதானே என்று அவர் விட்டுவிடவில்லை. காரணத்தைப் படிப்படியாகத் தொடர்ந்து சென்று, நூலகத்தில் ஒளிந்திருந்த வஞ்சத்தைக் கண்டுபிடித்து, 2024ஆம் ஆண்டு மார்ச்சு 29ஆம் நாள் உலகறிய அறிவித்தார். அப்பதிப்புகள் பெரும்பாலும் சோதனை நிலையிலிருந்த லினக்சு வகைகளையே சென்றடைந்திருந்தன. உடனே அவை விலக்கப்பட்டுப் பழைய பதிப்புகள் மீண்டன. ஒருவருடைய விழிப்பினால் எண்ணிறந்த கணிப்பொறிகள் காக்கப்பட்டன.

மேற்கூறிய மாணவியும், கலங்காமல் செய்தியைப் படித்து, பெயரைக் குறித்து, உரிய தொகுப்பை உரியவரிடமிருந்து பெற்று நிறுவினால், அவளுடைய மென்பொருள் அன்றிரவே திறக்கும். அட்டைப்படமும் மறுநாள் பள்ளிக்குச் செல்லும். அவள் கணிப்பொறியிலுள்ள பிற மென்பொருள்களுக்கும் தீங்கு நேராது. பொதுக்கலத்தை எடுப்பவர் தம் வீட்டு விழாவை மட்டும் எண்ணினால் போதாது; அடுத்த வீட்டு விழாவையும் எண்ணுதல் வேண்டும். எண்ணைப் பார்த்து எடுப்பதும், எடுத்ததை மாற்றாமல் வைப்பதும், ஓட்டை கண்டவிடத்து மறையாமல் சொல்வதும் ஊரார்க்கு உரிய கடமைகள். கணிப்பொறியின் பொதுக்கலங்களைக் கையாள்வோர்க்கும் அவையே கடமைகளாகும்.